வாசலில்லாத இடங்களில் கேமரா

1889இல் தூத்துக்குடிக் கடலில் முத்துக்குளிப்பு நடந்தபோது சென்னை அரசு அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளர் எட்கர் தர்ஸ்டன் அதைப் பார்க்க வந்தார். மன்னார் வளைகுடாவின் முத்து, சங்குக் குளிப்பைப் பற்றி அவர் எழுதிய குறிப்புகள் 1890இல் அச்சாயின. நள்ளிரவுக்கு மேல் கரையிலிருந்து வீசும் காற்றில் படகுகள் கிளம்பும். பிற்பகலில் கடற்காற்றைப் பிடித்துத் திரும்பும். வந்த சிப்பிகளை மூன்று பங்காக்கி இரண்டை அரசு எடுத்துக்கொள்ளும், ஒன்று குளியாளுக்கு. அரசின் பங்கு ஆயிரம் சிப்பி இன்ன விலை என்று ஏலம் போகும். இத்தனையும் அக்காலத்து அரசு ஆவணங்களில் ஒழுங்காக இருக்கின்றன. எந்தப் பாரில் சிப்பி விளைந்திருக்கிறது, எதில் அழிந்துவிட்டது என்று ஆண்டுதோறும் கணக்கு எழுதினார்கள். தொலையிரம் பார் மாதிரி கடலடித் திட்டுகளுக்குக்கூடப் பெயர் உண்டு. பரதவரின் சாதித்தலைவனுக்கு உரிய பங்கு எவ்வளவு, சுறாவை மந்திரத்தால் கட்டுவதாக நம்பப்பட்ட கடல்கட்டிக்கு எத்தனை சிப்பி என்பதும் பதிவாகியிருக்கிறது.

சுமார் 15 கிலோ எடையுள்ள கல்லில் கால் வைத்து இறங்கி, ஒரு நிமிடம் போல மூச்சடக்கி, தடவித் தடவிச் சிப்பியைப் பையில் சேர்த்து, கயிற்றைச் சுண்டி மேலே வந்தவனுக்கு அந்தக் கணக்கில் எண்ணாக மட்டுமே இடம். இன்ன நாளில் இத்தனை படகு, இத்தனை குளியாள். தர்ஸ்டன் பிற்காலத்தில் தென்னிந்தியச் சாதிகளைப் பற்றி 1909இல் ஏழு தொகுதிகள் வெளியிட்டவர். ஊர் ஊராகப் போய் மக்களின் தலையையும் மூக்கையும் கருவி வைத்து அளந்தவர். அளப்பதற்கு நிறுத்தப்பட்டவர்களும் பெரும்பாலும் பெயரில்லாமல்தான் அந்தப் பக்கங்களில் நிற்கிறார்கள்.

ஆகவே, இந்தக் கரை பதிவுக்கு வராத கரை என்று சொல்வது சரியல்ல. 1535க்குப் பிறகு ஆயிரக்கணக்கான பரதவர் கத்தோலிக்கத்தைத் தழுவினார்கள்; அடுத்த சில ஆண்டுகளிலிருந்தே சேசு சபையாரின் கடிதங்கள் இருக்கின்றன. 1658இல் தூத்துக்குடியைப் பிடித்த டச்சுக்காரர்கள் கணக்கு எழுதுவதில் போர்த்துகீசியரை மிஞ்சியவர்கள். அதன்மேல் ஆங்கிலேயரின் ஆவணக் குவியல். இந்தியக் கடற்கரைகளில் இவ்வளவு காலம், இவ்வளவு விடாமல் எழுதப்பட்ட கரை வேறு எத்தனை இருக்கும் என்று தெரியவில்லை. ஆவணக் கலைஞரைப் பாராட்டும்போது ‘குரலற்றவர்களின் குரல்’ என்று எழுதிவிடுவது நம் பத்திரிகைகளில் வழக்கமாகிவிட்டது. தூத்துக்குடியில் நின்று பார்த்தால் அந்தத் தொடர் பொருந்தவில்லை. பேசியவர்கள் எப்போதும் இருந்தார்கள். எந்தக் கேள்வியோடு அவர்களிடம் போனார்கள், எந்த இடம்வரை போக முடிந்தது என்பதுதான் ஆராய வேண்டியது.

தர்ஸ்டனுக்கு எந்த இடமும் திறந்திருந்தது. அரசு அதிகாரி, படகும் முகாமும் அவருக்கு முன் விரிந்து கிடந்தன. அவருக்குப் பின் வந்த ஜேம்ஸ் ஹார்னெல்லும் அப்படித்தான். சென்னை மாகாண மீன்வளத் துறையின் இயக்குநராக இருந்தவர். சங்கைப் பற்றி 1914இலும், மன்னார் வளைகுடா, பாக் விரிகுடா முத்துக்குளிப்பைப் பற்றி 1922இலும் எழுதினார். என் பார்வையில் இருவரில் ஹார்னெல்லே மேல். படகு கட்டுகிற விதம், பாய் விரிக்கிற விதம், சங்கு அறுக்கிற விதம் என்று வேலையின் நுட்பத்தை அவர் உட்கார்ந்து கவனித்தார். தொழிலாளியின் மண்டையை விட்டுவிட்டு அவன் கையைப் பார்த்தவர் என்று சொல்லலாம். ஆனால், அவரும் தேடியது அரசுக்கு வருமானம் எப்படி நிலைக்கும் என்பதற்கான விடையைத்தான்.

வருமானம் நிலைக்கவில்லை. 1955இல் தொடங்கி 1961 வரை நடந்த குளிப்புதான் தூத்துக்குடியில் கடைசி. 1973இல் மத்தியக் கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் விஞ்ஞானி கே. அழகர்சுவாமி, தூத்துக்குடிக்கு அருகே வேப்பலோடையில் சிப்பிக்குள் கரு வைத்து முத்து வளர்ப்பதில் வெற்றி கண்டார். அடுத்த ஆண்டு, 1974 ஜூலையில், புதிய துறைமுகம் பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டது. குளியாட்களில் பலர் சங்குக்கு மாறினார்கள். கரையைச் சுற்றி உர ஆலை, கனநீர் ஆலை, அனல் மின்நிலையம், பின்னர் தாமிர உருக்காலை என்று ஒவ்வொன்றாக எழுந்தன. ஒவ்வொன்றுக்கும் மதில், மதிலுக்கு ஒரு வாசல், வாசலில் காவல்.

ஆவணப்படம் என்ற கலைக்கும் மீன்பிடிக் கடலுக்கும் பழைய தொடர்பு உண்டு. ஜான் கிரியர்சன் 1929இல் எடுத்த ‘டிரிஃப்டர்ஸ்’ வடகடலில் ஹெர்ரிங் மீன் பிடிப்பவர்களைப் பற்றியது. பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்கத்தின் தொடக்கமாக அதைத்தான் சொல்கிறார்கள். ஐந்து ஆண்டுகள் கழித்து ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி அயர்லாந்துத் தீவொன்றில் ‘மேன் ஆஃப் ஆரன்’ எடுத்தார். அந்தத் தீவு மக்கள் பல பத்தாண்டுகளுக்கு முன்பே கைவிட்டுவிட்ட சுறா வேட்டையை, படத்துக்காக அவர்களுக்கே மறுபடி கற்றுக்கொடுத்து நடிக்கவைத்தார். அலையில் மனிதன் போராடும் காட்சி கிடைத்தது. அந்தத் தீவில் அன்று நிலம் யாருடையது, குத்தகை எவ்வளவு என்பது படத்தில் இல்லை. கடலோர மக்களைப் படமெடுக்கப் போகிற எவருக்கும் இந்த ஆபத்து காத்திருக்கிறது. கடல் அவ்வளவு அழகாக இருந்து தொலைக்கிறது.

தென்தமிழகத்தில் இந்தக் கலை வேறு வழியாக வந்து சேர்ந்தது. திருநெல்வேலியில் ‘காஞ்சனை’ திரைப்பட இயக்கத்தை நடத்திய ஆர். ஆர். சீனிவாசன் உலகப் படங்களைத் திரையிட்டுக்கொண்டிருந்தவர். 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக மாவட்ட ஆட்சியரிடம் மனுக் கொடுக்கப் போன ஊர்வலத்தைப் போலீஸ் தடியால் அடித்துத் தாமிரபரணிக்குள் விரட்டியது. 17 பேர் இறந்தார்கள். அதைப் பற்றி அவர் எடுத்த ‘நதியின் மரணம்’, அன்று அங்கே இருந்த வீடியோ கேமராக்கள் பிடித்த காட்சிகளை வைத்து நகர்கிறது. ஆற்றில் இறங்கியவர்களை மேலும் அடிக்கும் போலீஸ் அதில் தெரிகிறது. நீரில் மூழ்கி இறந்தார்கள் என்ற விளக்கத்துக்கு எதிராக அந்தக் காட்சிகளே சாட்சி சொல்கின்றன. மாஞ்சோலைத் தொழிலாளர்களில் பெரும்பான்மையோர் தலித்துகள். அந்த ஆறு புன்னக்காயலில், முத்துக்குளித்துறையின் நடுவில்தான் கடலில் கலக்கிறது.

மதுரையின் ஆர். பி. அமுதன் 2003இல் எடுத்த ‘பீ’ இன்னொரு வழியைக் காட்டியது. மதுரைத் தெரு ஒன்றில் மலம் அள்ளிச் சுத்தம் செய்கிற ஒரு பெண்ணின் வேலை நேரம், அவ்வளவுதான் படம். வருணனையாளர் வந்து விளக்கவில்லை. பார்வையாளர் முகம் சுளித்தாலும் கேமரா வேலையைவிட்டு விலகவில்லை. பின்னர் மணவாளக்குறிச்சி, கல்பாக்கம், கூடங்குளம் என்று கதிர்வீச்சைப் பற்றிய வரிசையை எடுத்தபோதும் அவர் கடலோரத்துக்கே வந்தார். 2017இல் வெளியான திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ அதே பொருளை மாநில அளவுக்கு விரித்தது. கையால் மலம் அள்ளுவதைத் தடுக்கும் சட்டம் 2013இலேயே வந்துவிட்டது. கழிவுநீர்த் தொட்டியில் இறந்தவர்களின் குடும்பத்துக்கு 10 லட்சம் ரூபாய் தர வேண்டும் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023இல் அதை 30 லட்சமாக உயர்த்தியது. சாவு நிற்கவில்லை, தொகைதான் உயர்ந்தது. ‘கக்கூஸ்’ படத்துக்குப் பல இடங்களில் திரையிடத் தடை வந்தது. யூடியூபில் ஏற்றப்பட்டு ஊரெல்லாம் பார்க்கப்பட்டது. அதே இயக்குநர் ஒக்கிப் புயலில் சிக்கிய மீனவர்களைப் பற்றி அடுத்து எடுத்த படம் ‘ஒருத்தரும் வரேல’.

‘கக்கூஸ்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் எம். பழனி குமார். மதுரைப் பக்கத்துக்காரர், மீன் விற்று வளர்த்த தாயைப் பற்றித் தாமே எழுதியிருக்கிறார். பி. சாய்நாத் 2014இல் தொடங்கிய ‘பாரி’ என்ற ஊரக ஆவணக் களஞ்சியத்தில் 2019இல் ஆய்வுநல்கை பெற்று, பிறகு அங்கேயே ஒளிப்படக் கலைஞராகச் சேர்ந்தார். ஒளிப்படக் கலைஞர் தயாநிதா சிங்கின் பெயரோடு ‘பாரி’ வழங்கும் ஆவண ஒளிப்பட விருதை 2022இல் முதலாவதாகப் பெற்றவர் அவர். தூத்துக்குடி, ராமநாதபுரம் கரைகளில் அவர் எடுத்த படங்களைத் தர்ஸ்டனுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம் என்பதால்தான் இந்தக் கட்டுரை.

முதலில் பாசிப் பெண்கள். ராமநாதபுரம் மாவட்டத்தின் பாரதி நகர்ப் பெண்கள் கடலுக்குப் போய்ப் பாசி எடுப்பதை அவர் 2019இல் படங்களும் எழுத்துமாக வெளியிட்டார். மரிக்கொழுந்துப் பாசி, கட்டக்கோரைப் பாசி என்று அவர்கள் பிரித்துச் சொல்வதில் முன்னது அகர் என்ற கூழ்ப்பொருளுக்கும் பின்னது அல்ஜினேட்டுக்கும் போகிறது. ஐஸ்கிரீமும் மருந்தும் ஆய்வகத் தட்டும் இதை நம்பி இருக்கின்றன. பாசி பாறையை ஒட்டி வளர்வது. மூச்சடக்கி மூழ்கி, அலை தள்ளும் கணத்தில் பாறையைப் பிடித்துக்கொண்டு பறிக்க வேண்டும். விரல் ஒவ்வொன்றிலும் பழந்துணியைக் கிழித்துச் சுற்றிக்கொள்கிறார்கள். காலில் ரப்பர் செருப்பு, கண்ணில் நீச்சல்காரர்கள் போடும் கண்ணாடி. ஆணும் அஞ்சுகிற கடல் என்று நாம் பேசிக்கொள்கிற அதே கடலில் சேலைமேல் சட்டை போட்டுக்கொண்டு இறங்குகிறார்கள்.

இந்தப் படங்களில் நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது கைகளை. துணி சுற்றிய விரல் வெறும் பரிதாபச் சின்னமாகத் தெரியவில்லை; கையுறை வாங்கித் தராத தொழிலில் தொழிலாளியே கண்டுபிடித்த கருவி அது. முத்துக்குளித்தவனின் கல்லும் கயிறும் அரசு ஏடுகளில் வரைபடத்தோடு இருக்கின்றன. இந்தத் துணிச்சுற்றுக்கு அப்படி ஒரு பதிவு, ஹார்னெல் பாணியில் சொன்னால் தொழில்நுட்பப் பதிவு, இந்தப் படங்கள்தான். பெயரும் வயதும் அவரவர் சொன்ன பேச்சும் படத்தோடு சேர்ந்தே வருகின்றன. நூற்றுமுப்பது ஆண்டுகளில் மாறியது இதுதான் என்றால், அது சின்ன மாற்றம் இல்லை.

இன்னொன்றும் அதில் இருக்கிறது. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளைச் சுற்றி 1986இல் கடல்சார் தேசியப் பூங்கா அறிவிக்கப்பட்டது. அதற்குப் பிறகு, தாயும் பாட்டியும் பாசி எடுத்த அதே இடத்தில் இந்தப் பெண்கள் அத்துமீறியவர்கள் ஆனார்கள். வனத்துறைக்கும் அவர்களுக்கும் நடக்கிற இழுபறி ஓயவில்லை. ஆனால், மாதத்தில் 12 நாள் மட்டுமே கடலில் இறங்குவது, மீன் இனப்பெருக்கக் காலத்தில் பாசியைத் தொடாமல் விடுவது என்று அவர்களே கட்டுப்பாடு வகுத்து வைத்திருக்கிறார்கள். பாம்பன் பக்கம் சின்னப்பாலத்தைச் சேர்ந்த லட்சுமி மூர்த்திக்கு இந்த அமைப்புப் பணிக்காக 2015இல் சீகாலஜி என்ற பன்னாட்டு விருது கிடைத்தது. கடலைக் காப்பது யார், கெடுப்பது யார் என்ற கேள்வியில் அரசு ஒரு பதில் வைத்திருக்கிறது. படகில் உடன் போய் எடுத்த படம் இன்னொரு பதிலை வைக்கிறது. அந்தக் கரையைவிட்டு மறைந்துபோன பூவரசன்பட்டி, விலாங்குசல்லித் தீவுகளைப் பாசிப் பெண்கள் மூழ்கடிக்கவில்லை. பல்லாண்டுகள் பவளப்பாறையை வெட்டிச் சுண்ணாம்புக்கு ஏற்றியது அதற்குப் பெரிய காரணம்.

அடுத்து உப்பளம். அபர்ணா கார்த்திகேயன் தூத்துக்குடி உப்பளப் பெண்களைப் பற்றி எழுதிய கட்டுரைக்குப் படம் எடுத்தவர் பழனி குமார். இந்தியாவில் குஜராத்துக்கு அடுத்தபடியாக உப்பு விளைவது இங்கே. பாத்தியைக் காலால் மிதித்துக் கெட்டிப்படுத்துவது, கடல்நீரைவிடப் பன்மடங்கு கரித்த நீரைப் பாய்ச்சுவது, படிந்த உப்பை நீளக் கைப்பிடிப் பலகையால் வாரிக் குவிப்பது, கூடையில் அள்ளித் தலையில் சுமப்பது என்று வெயிலோடு போட்டிபோட்டு நடக்கிற வேலை. வெயில் ஏறினால் நிற்க முடியாது. ஆகவே விடியுமுன்பே வேலை தொடங்கிவிடுகிறது. மழைக்காலத்தில் வேலையே கிடையாது. அந்த மாதங்களுக்கு 5,000 ரூபாய் நிவாரணம் என்று தமிழ்நாடு அரசு அறிவித்தது மிகத் தாமதமாகத்தான்.

உப்பளத்தில் படமெடுப்பதில் ஒரு தொழில் சிக்கல் உண்டு. சுற்றிலும் வெண்மை, மேலேயும் கீழேயும் ஒளி. கேமராவைத் தன் போக்கில் விட்டால் அந்த வெள்ளைக்கு ஏற்ப ஒளியைக் குறைத்துக்கொள்ளும். நடுவில் நிற்கிற கறுத்த முகம் இருண்டுபோகும். தலையில் கூடையுடன் வரிசையாகப் போகும் கரிய உருவங்கள், பின்னால் பளிச்சென்ற உப்புக் குன்று, செவ்வானம்: நாட்காட்டியிலும் ஒளிப்படப் போட்டியிலும் பரிசு வாங்குகிற உப்பளப் படம் பெரும்பாலும் இதுதான். தொழிலாளி அதில் வெறும் நிழல். முகம் தெரிய வேண்டுமென்றால் உப்பு வெளிறிப் போனாலும் போகட்டும் என்று விட வேண்டும், அல்லது வெயில் ஏறுமுன் அங்கே இருக்க வேண்டும், அல்லது மிக அருகே போக வேண்டும். அருகே போக அந்த மனுஷி சம்மதிக்க வேண்டும். அதற்குப் பழக்கம் வேண்டும். பழனி குமாரின் உப்பளப் படங்களில் முகங்கள் தெரிகின்றன. சமூக நீதி பேசுகிற கலை என்பதில் அரசியல் எங்கே தொடங்குகிறது என்று கேட்டால், எனக்கு ஒளியளவில் தொடங்குகிறது என்றுதான் சொல்லத் தோன்றுகிறது.

இவ்வளவு பாராட்டிய பிறகு ஒரு குறையும் சொல்ல வேண்டும். இது பழனி குமாரின் குறை மட்டுமல்ல. இந்தக் கரையில் இயங்கிய ஆவணக் கலை முழுவதற்கும் உள்ள எல்லை. மேலே சொன்ன படங்கள் எடுக்கப்பட்ட இடங்களைக் கவனித்தால் ஆறு, தெரு, கடல், உப்பளம் என்று இருக்கும். எல்லாம் திறந்த வெளி. மதில் இல்லாத இடங்களில்தான் கேமரா நுழைந்திருக்கிறது. உப்பை வாருகிற பெண்ணைப் பார்த்துவிட்டோம். அந்த உப்பு மூட்டையாகி எந்த அலுவலகத்தில் விலை பேசப்பட்டு எந்தக் கப்பலில், எந்த ரயிலில் ஏறுகிறது என்பதைப் பார்த்ததில்லை. பாசி எடுக்கிறவளின் விரல் தெரிகிறது, விலை நிர்ணயிக்கிறவனின் கை தெரிவதில்லை. துறைமுகத்துக்குள் அனுமதி அட்டை இல்லாமல் போக முடியாது. உள்ளே படமெடுப்பது லேசில் நடக்காது. விளைவாக, வறுமை கண்ணுக்குத் தெரிகிறது. லாபம் மதிலுக்குள் இருக்கிறது. ஏழ்மையின் படம் என்று நாம் நினைத்துக்கொண்டிருப்பது பாதி, வாசல் இல்லாத இடங்களின் படம்.

இந்த வாசலைத் தாண்டியவர் ஒருவர் உண்டு, கேமராவோடு அல்ல. ஜோ டி குரூஸ் உவரியில் பிறந்தவர், கப்பல் தொழிலில் இருப்பவர். 2013இல் சாகித்திய அகாதெமி விருது பெற்ற ‘கொற்கை’ நாவலில் தோணி முதலாளிகள், சரக்கு ஏற்றுமதி, பங்குக்குருக்கள், சாதித்தலைவன் குடும்பம், துறைமுகம் வந்து தோணியைத் தின்ற கதை என்று மதிலின் இரு பக்கமும் இருக்கிறது. பரதவருக்குள்ளேயே மேசைக்காரர் என்றும் கம்மாரக்காரர் என்றும் இருந்த ஏற்றத்தாழ்வை வெளியிலிருந்து வந்த எந்தக் கேமராவும் அவ்வளவு விரிவாகப் பதிந்ததில்லை. விளிம்புநிலை என்று ஒரே பெயரிட்டு ஒரு கரை முழுவதையும் அடக்கிவிட முடியாது. படகு முதலாளிக்கும் கூலிக்குப் போகிறவனுக்கும் நடுவிலும், பரதவருக்கும் கடையருக்கும் நடுவிலும், மீனவர் அட்டை உள்ளவனுக்கும் இல்லாத அவன் வீட்டுப் பெண்ணுக்கும் நடுவிலும் தூரம் இருக்கிறது.

2018 மே 22ஐப் பற்றிப் பேசாமல் தூத்துக்குடியில் கேமராவைப் பற்றிப் பேச முடியாது. தாமிர உருக்காலைக்கு எதிரான போராட்டத்தின் 100ஆவது நாள். ஆட்சியர் அலுவலகம் நோக்கிப் போன கூட்டத்தின் மீது போலீஸ் சுட்டது; அன்றும் மறுநாளும் நடந்த துப்பாக்கிச்சூட்டில் 13 பேர் இறந்தார்கள். போலீஸ் வாகனத்தின் கூரைமேல் ஏறி, சீருடை இல்லாமல், துப்பாக்கியைக் குறிவைத்துப் படுத்திருந்தவரின் காட்சி அன்று மாலைக்குள் உலகம் முழுவதும் போய்ச் சேர்ந்தது. மறுநாள் தூத்துக்குடி, திருநெல்வேலி, கன்னியாகுமரி மாவட்டங்களில் இணையம் துண்டிக்கப்பட்டது. ஊரில் எல்லோர் கையிலும் கேமரா இருந்த அந்த நாள்களில், படம் வெளியே போகிற வழிக்கு ஒரு வாசல் வைத்துப் பூட்டினார்கள். 2019 பிப்ரவரியில் சூழலியல் செயற்பாட்டாளர் முகிலன், துப்பாக்கிச்சூடு நடந்த நாளின் தீவைப்பு குறித்துத் தாம் தொகுத்த காணொளியைச் சென்னையில் வெளியிட்டார். அன்றிரவே காணாமல் போனார். ஜூலையில் திருப்பதியில் கண்டறியப்பட்டார். நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையம் 2022இல் அறிக்கை தந்தது. 17 காவல்துறையினர்மீது நடவடிக்கை எடுக்கச் சொன்னது. மூடப்பட்ட உருக்காலையை மீண்டும் திறக்கக் கோரிய மனுவை 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது.

அந்த நாளின் காட்சிகளுக்கு இயக்குநர் கிடையாது. தொலைக்காட்சிக்காரர், கடைவாசல் கேமரா, யாரோ ஒருவரின் கைபேசி. கலை என்று சொல்லிக்கொள்ளாத இவைதான் விசாரணையில் அதிகம் பேசப்பட்டன. அப்படியானால் ஆவணக் கலைஞருக்கு என்ன வேலை மிச்சம் என்ற கேள்வி எழும். ஜப்பானின் மினமாட்டா இதற்கு ஓரளவு பதில் தருகிறது. ரசாயன ஆலையின் பாதரசம் கடலில் கலந்து மீனவர் குடும்பங்களை முடமாக்கிய ஊர் அது. அமெரிக்க ஒளிப்படக் கலைஞர் யூஜின் ஸ்மித்தும் அய்லீன் ஸ்மித்தும் 1971இல் அங்கே போய்க் குடியிருந்தார்கள். 1972இல் ஆலை தரப்பின் ஆட்களால் யூஜின் தாக்கப்பட்டார். ஓர் ஆலை ஒரு நாளில் கொல்வதைக் கைபேசி பிடித்துவிடும். இருபது ஆண்டுகளாக மெல்லக் கொல்வதைப் பிடிக்க ஆள் அங்கேயே குடியிருக்க வேண்டும். தூத்துக்குடியில் சுவாசக் கோளாறும் கண்ணெரிச்சலும் பற்றி 1990களின் பின்பகுதியிலிருந்து மக்கள் சொல்லிவந்தார்கள். 2013 மார்ச் 23 வாயுக்கசிவுக்குப் பிறகு மேலும் உரக்கச் சொன்னார்கள். அந்த நீண்ட காலத்துக்கு ஈடாக ஒரு மினமாட்டா நம்மிடம் இல்லை.

மினமாட்டாவிலிருந்து இன்னொன்றையும் கற்க வேண்டும். நோயுற்ற மகளைத் தாய் குளியல் தொட்டியில் தாங்கியிருக்கும் ஸ்மித்தின் படம் உலகப் புகழ்பெற்றது. மகள் இறந்து பல ஆண்டுகள் கழித்து, அவளுக்கு ஓய்வு கொடுங்கள் என்று குடும்பம் விரும்பியது. 1998இல் அய்லீன் ஸ்மித் அந்தப் படத்தை இனி புதிதாக வெளியிடுவதில்லை என்று முடிவு செய்தார். படம் எடுக்கப்பட்டவருக்கு அந்தப் படத்தை நிறுத்தும் உரிமையும் உண்டு என்பதை ஒப்புக்கொண்ட முடிவு அது. நம் கண்காட்சிச் சுவர்களில் தொங்கும் பாசிப் பெண்களுக்கும் உப்பளப் பெண்களுக்கும் அந்த உரிமை இருக்கிறதா? சென்னையிலோ டெல்லியிலோ பரிசு வாங்கும் படம் பாரதி நகரின் சுவரில் ஒருமுறையாவது ஒட்டப்பட வேண்டும் என்று எதிர்பார்ப்பது அதிகம் இல்லை. இந்த விஷயத்தில் ‘பாரி’ தன் கட்டுரைகளைத் தமிழிலும் வெளியிடுவது முக்கியம். பழனி குமார் தூய்மைப் பணியாளர்களின் பிள்ளைகளுக்கும் மீனவப் பெண்களுக்கும் ஒளிப்படம் கற்றுத்தருவது அதைவிட முக்கியம். தெலங்கானாவின் பஸ்தாபூரில் தலித் பெண் விவசாயிகள் 1990களின் இறுதியிலேயே வீடியோ கேமராவை எடுத்துத் தங்கள் விதைகளைப் பற்றிப் படம் பண்ணினார்கள். அவர்கள் எடுத்த படங்களில் விவசாயியைக் கீழிருந்தும் மேலிருந்தும் பார்க்கிற கோணங்கள் குறைவு. கண்ணுக்கு நேர் கண் வைத்த கோணமே அதிகம்.

பாசிப் பெண்ணின் கையில் கேமரா போனால், படகில் கூட வராத எவருக்கும் கிடைக்காத படங்கள் கிடைக்கும் என்பது உறுதி. ஆனால், மதில் பிரச்சினை அப்போதும் தீராது. உள்ளே வேலை செய்கிறவரும் கைபேசியை வாசலில் கொடுத்துவிட்டுத்தான் போக வேண்டும் என்கிற ஆலைகள் பெருகிவருகின்றன. மீன், இறால் பதனிடும் ஏற்றுமதிக் கூடங்கள் இந்தக் கரையின் புதிய பெரிய வேலையிடம். அங்கே பெரும்பாலும் பெண்கள், வெளி மாவட்டத்திலிருந்தும் ஒடிசா போன்ற வெளி மாநிலங்களிலிருந்தும் வந்து விடுதியில் தங்கி வேலை பார்க்கிறவர்கள். நாள் முழுக்க ஈரத்திலும் குளிரிலும் நின்று தோல் உரிக்கிற கைகளைப் பாசிப் பெண்களின் கைகளை நாம் பார்த்ததுபோல் பார்த்ததில்லை. 2024 ஜூலையில் தூத்துக்குடி புதூர் பாண்டியாபுரம் அருகே அப்படிப்பட்ட ஓர் ஆலையில் அம்மோனியா கசிந்து சுமார் 30 பெண்கள் மூச்சுத்திணறி மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். செய்தியில் வந்தது அந்த எண்ணிக்கையும் அவர்கள் எந்த ஊர்க்காரர்கள் என்பதும். அவர்கள் நின்று வேலை செய்த கூடத்தின் படம் வரவில்லை.